தலையணையை மாற்றினால் தலைவலி தீருமா?

2024 ஜூன் 3, மக்களவைத் தேர்தல் முடிவுகள் வெளியாவதற்கு முந்தைய நாள். நாடே வாக்கு எண்ணிக்கைக்குக் காத்திருந்தபோது மத்திய நிதி அமைச்சகத்தின் செலவினத் துறை ஒரு குறிப்பாணையை வெளியிட்டது. அரசுத் துறைகளும் பொதுத் துறை நிறுவனங்களும் போடும் உள்நாட்டு ஒப்பந்தங்களில், தகராறு வந்தால் நடுவர் மன்றத்துக்குப் போகலாம் என்ற பிரிவை இனி வழக்கம்போலச் சேர்க்கக் கூடாது. சேர்த்தாலும் 10 கோடி ரூபாய்க்குக் குறைவான தகராறுகளோடு அது நிற்க வேண்டும். அதற்கு மேற்பட்டவை சமரசத்தில் தீராவிட்டால் நீதிமன்றத்துக்குப் போகட்டும். விதிவிலக்கு வேண்டுமானால் துறைச் செயலர் அல்லது நிர்வாக இயக்குநர் அளவில் ஒப்புதல் வாங்க வேண்டும். இதுதான் அதன் சாரம்.

சாலை, பாலம், மெட்ரோ, அணை என்று எதை எடுத்தாலும், இன்றைய பெரிய ஒப்பந்தங்களில் ஒரே ஒரு கோரிக்கையின் மதிப்பே 10 கோடியைத் தாண்டிவிடுகிறது. ஆகவே நடைமுறையில் இந்தக் குறிப்பாணைக்கு ஒரே பொருள்தான்: பெரிய கட்டுமானத் தகராறுகள் நடுவர் மன்றத்தை விட்டு நீதிமன்றப் படியேறப் போகின்றன. 63,246 கோடி ரூபாய் மதிப்பீட்டில் சென்னை மெட்ரோவின் இரண்டாம் கட்டப் பணிகள் நடந்துகொண்டிருக்கும் மாநிலம் இதை டெல்லிச் செய்தி என்று ஒதுக்கிவிட முடியாது. மத்திய அரசு வகுக்கும் ஒப்பந்த நடைமுறைகள் நாளடைவில் மாநிலங்களின் டெண்டர் படிவங்களுக்குள்ளும் வந்துவிடுவது வழக்கம்.

அரசின் ஆதங்கத்தில் உண்மை இருக்கிறது. ஆனால் எடுத்த முடிவு தவறு என்பதே இக்கட்டுரையின் வாதம். கட்டுமானத் தகராறுகள் பத்தாண்டுக் கணக்கில் இழுபடுவதற்கு முதல் காரணம், கொடுக்க வேண்டிய பணத்தைக் கொடுக்கலாம் என்று எழுதிக் கையெழுத்திட அரசு அலுவலகத்தில் எவரும் துணிவதில்லை என்பதுதான். அந்தப் பயத்தைப் போக்காமல் மன்றத்தை மாற்றுவது, தலைவலிக்குத் தலையணையை மாற்றும் வைத்தியம்.

தகராறு பிறக்கும் இடம்

பணி ஆணை கொடுக்கும் நாளில் முழு நிலமும் ஒப்பந்ததாரர் கைக்கு வந்துவிடுவதில்லை. பாதி நீளத்துக்கு நிலம் எடுக்கப்பட்டிருக்கும். மீதிக்கு இழப்பீட்டு வழக்கு நடக்கும். கம்பங்களை மாற்றச் சொல்லி மின் வாரியத்துக்கும், குழாயை மாற்றச் சொல்லிக் குடிநீர் வாரியத்துக்கும் கடிதங்கள் போய்க்கொண்டிருக்கும். வரைபடம் நடுவில் திருத்தப்படும். மண் பரிசோதனை அறிக்கை சொன்ன ஆழத்தில் பாறை தட்டுப்படாது. பைல் இன்னும் கீழே இறங்க வேண்டும். பதினெட்டு மாத வேலை நாற்பது மாதமாக நீளும். அந்தக் கூடுதல் மாதங்களில் சும்மா நின்ற இயந்திரங்களின் வாடகை யார் கணக்கில்? கம்பியும் சிமென்ட்டும் தாரும் விலை ஏறியது யார் தலையில்? ஒப்பந்தத்தில் இல்லாத கூடுதல் ஐட்டத்துக்கு என்ன ரேட்?

இந்தக் கேள்விகளுக்கான விடை பெரும்பாலும் வேலை நடக்கும் இடத்திலேயே கிடைத்துவிடும். அளவுப் புத்தகமான 'எம் புக்', எந்தத் தேதியில் எந்தத் தடையால் வேலை நின்றது என்று குறிக்கும் தடைப் பதிவேடு, இருதரப்புக் கடிதங்கள் ஆகியவை அன்றன்று ஒழுங்காக எழுதப்பட்டால் போதும். நடப்பதோ வேறு. ஒப்பந்ததாரர் கால நீட்டிப்புக் கேட்பார். 'அபராதம் விதிக்கும் உரிமைக்கு உட்பட்டு' என்று ஒரு வரியைச் சேர்த்து நீட்டிப்புக் கொடுக்கப்படும். தாமதம் யாரால் ஏற்பட்டது என்ற ஒரே முக்கியமான கேள்வி எழுதப்படாமலே விடப்படும். கடைசியில் இறுதி பில் வரும்போது, 'இனி எந்தக் கோரிக்கையும் இல்லை' என்று எழுதிக் கொடுத்தால்தான் பில் அடுத்த மேசைக்கு நகரும். நெருக்கடியில் வாங்கப்பட்ட அத்தகைய சான்று கோரிக்கையை அழித்துவிடாது என்று 2008-இல் போகரா பாலிஃபேப் வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியது. ஆயினும் அப்படி எழுதி வாங்கும் பழக்கம் போகவில்லை.

பொறியாளரை மட்டும் குறை சொல்லிப் பயனில்லை. ஒரு கோடி ரூபாய் கொடுத்துக் கோப்பை முடித்தால் அதில் அவர் பெயர் இருக்கும். தணிக்கைக் குறிப்பும் ஊழல் கண்காணிப்புத் துறையின் விசாரணையும் ஓய்வுபெற்ற பிறகும் துரத்தும். கொடுக்க மறுத்து, பத்தாண்டு கழித்து வட்டியோடு இரண்டரைக் கோடி போனால் அந்த இழப்பு யார் பெயரிலும் எழுதப்படுவதில்லை. 'கோர்ட் சொன்னது, கொடுத்தோம்' என்று கோப்பு மூடப்படும். அந்த நாற்காலியில் யார் உட்கார்ந்தாலும் மறுப்பதைத்தான் பாதுகாப்பான வழியாகக் கருதுவார்கள்.

அரசு சொல்லும் காரணங்கள்

குறிப்பாணை அடுக்கும் குறைகளைப் புறந்தள்ளிவிட முடியாது. நடுவர் மன்ற நடைமுறை எதிர்பார்த்த அளவுக்கு விரைவாகவும் இல்லை, மலிவாகவும் இல்லை. நடுவர்களைத் தேர்ந்தெடுப்பதில் நீதித் துறையில் இருப்பது போன்ற கறார் இல்லை. பெருந்தொகை சம்பந்தப்பட்ட விஷயங்கள் மூடிய அறைக்குள் தீர்மானிக்கப்படுவதால் கூட்டுச்சதி என்ற சந்தேகம் எழுகிறது. அதிகாரிகள் அடிக்கடி மாற்றப்படுவதால், வேலை நடந்த காலத்து விவரம் தெரிந்தவர் அரசுத் தரப்பில் இருப்பதில்லை. ஒப்பந்ததாரர் தரப்பிலோ முதல் நாள் முதல் எல்லாக் காகிதமும் பத்திரமாக இருக்கும்.

கட்டண விவகாரம் தமிழ்நாட்டுக்கே தெரிந்த கதை. சென்னை மெட்ரோவின் சுரங்கப் பணி தொடர்பான ஒரு தகராறில், ஓர் அமர்வுக்கு 1 லட்சம் என்றிருந்த கட்டணத்தை 2 லட்சமாக உயர்த்த நடுவர்கள் முற்பட்டார்கள். மெட்ரோ நிறுவனம் எதிர்த்தது. அந்தச் சச்சரவு உயர் நீதிமன்றம் வழியாக உச்ச நீதிமன்றம்வரை போய், நடுவர்களை விலக்கக் காரணமில்லை என்று 2023 அக்டோபரில் முடிந்தது. மூலத் தகராறு ஒருபுறம் கிடக்க, அதை விசாரிப்பவர்களின் கட்டணமே ஒரு வழக்காகிவிட்டது. நடுவர்கள் தாமாகவே கட்டணத்தைத் தீர்மானித்துக்கொள்ள முடியாது என்று அதற்கு முந்தைய ஆண்டே ஓஎன்ஜிசி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருந்தது.

ஒப்பந்ததாரர்களும் சாமானியர்கள் அல்லர். குறைந்த விலைக்கு டெண்டர் எடுத்துவிட்டு, விட்ட பணத்தைக் கோரிக்கைகளில் பிடிக்கலாம் என்று முதல் நாளே கடிதம் எழுதத் தொடங்கும் நிறுவனங்கள் உண்டு. மேற்செலவையும் லாப இழப்பையும் கணக்கிட ஹட்சன் சூத்திரம் என்று ஒன்று இருக்கிறது. உண்மையில் நேர்ந்த இழப்புக்கு ஆதாரம் காட்டாமல், சூத்திரத்தில் எண்களைப் போட்டுக் கோடிக்கணக்கில் கேட்பது பலகால வழக்கம். ஆதாரமில்லாமல் சூத்திரம் மட்டும் போதாது என்று ஆல் இந்தியா ரேடியோ சம்பந்தப்பட்ட யூனிப்ரோஸ் வழக்கில் 2023-இல் உச்ச நீதிமன்றம் அந்தக் கோரிக்கையைத் தள்ளியது. ஒப்பந்தத்தில் இல்லாத ஒன்றை நடுவர்கள் புகுத்தியதற்காக 2019-இல் சாங்யாங் வழக்கில் பெரும்பான்மைத் தீர்ப்பையே ரத்துசெய்தது. நடுவர் மன்றம் தவறினால் திருத்தும் வழி ஏற்கெனவே இருக்கிறது என்பதை இவ்வழக்குகள் காட்டுகின்றன. தீர்ப்பை ரத்துசெய்வது மட்டுமன்றி, வரையறுக்கப்பட்ட அளவில் திருத்தவும் நீதிமன்றத்தால் முடியும் என்று 2025 ஏப்ரலில் காயத்ரி பாலசாமி வழக்கில் அரசியல் சாசன அமர்வு சொல்லிவிட்டது.

விமான நிலைய மெட்ரோவின் பன்னிரண்டு ஆண்டுகள்

நடுவர் மன்றத்தின் மீதான அவநம்பிக்கைக்கு டெல்லி விமான நிலைய மெட்ரோ வழக்கை உதாரணமாகக் காட்டுவார்கள். புது டெல்லி ரயில் நிலையத்திலிருந்து விமான நிலையம் வழியாக துவாரகாவுக்குப் போகும் பாதை அது. கட்டுமானத்தை டெல்லி மெட்ரோ நிறுவனம் செய்ய, ரயில்களை இயக்கும் பொறுப்பை ரிலையன்ஸ் இன்ஃப்ரா தலைமையிலான நிறுவனம் 2008-இல் முப்பதாண்டு ஒப்பந்தத்தில் ஏற்றது. பாலத்தின் தாங்கிகளிலும் உத்தரங்களிலும் குறைகள் தெரியவந்ததால் 2012 ஜூலையில் சேவை நிறுத்தப்பட்டது. குறைகள் தீரவில்லை என்று சொல்லி அக்டோபரில் ரிலையன்ஸ் தரப்பு நிறுவனம் ஒப்பந்தத்தை முறித்தது. மெட்ரோ ரயில் பாதுகாப்பு ஆணையரின் சான்றிதழோடு 2013 ஜனவரியில் அதே பாதையில் ரயில் மீண்டும் ஓடியது.

2017 மே மாதம் நடுவர் மன்றம் ரிலையன்ஸ் தரப்பு நிறுவனத்துக்குச் சாதகமாக 2,782 கோடி ரூபாயும் வட்டியும் தரச் சொன்னது. 2018-இல் டெல்லி உயர் நீதிமன்றத்தின் தனி நீதிபதி அதை உறுதிசெய்தார். 2019-இல் இரு நீதிபதி அமர்வு ரத்துசெய்தது. 2021-இல் உச்ச நீதிமன்றம் நடுவர் தீர்ப்பை மீட்டது. மறுசீராய்வு மனுவும் தள்ளுபடியானது. 2024 ஏப்ரல் 10 அன்று, மிக அரிதாகவே ஏற்கப்படும் குறைதீர் மனுவில், அதே உச்ச நீதிமன்றம் தன் முந்தைய தீர்ப்பைத் திருப்பிப் போட்டது. பாதுகாப்புச் சான்றிதழ் என்ற முக்கிய ஆவணத்தை நடுவர்கள் கணக்கில் கொள்ளவில்லை என்றது. அதற்குள் தொகை வட்டியோடு சுமார் 8,000 கோடியாகியிருந்தது. நிதி அமைச்சகக் குறிப்பாணை வந்தது இதற்கு இரண்டு மாதங்களுக்குள்.

நடுவர்கள் ஒரு முக்கிய ஆவணத்தைக் கவனிக்கத் தவறினார்கள் என்பது மெய். ஆனால் காலக் கணக்கையும் பார்க்க வேண்டும். முறிவிலிருந்து நடுவர் தீர்ப்புவரை நாலரை ஆண்டு. அந்தத் தீர்ப்பு சரியா என்று நீதிமன்றங்கள் முடிவுசெய்யக் கிட்டத்தட்ட ஏழு ஆண்டு. ஒரே ஆவணக் கட்டைப் படித்துவிட்டு நீதிமன்றங்கள் சரி, தவறு, சரி, தவறு என்று மாறி மாறிச் சொல்லியிருக்கின்றன. இந்த வழக்கிலிருந்து 'ஆகவே முதலிலேயே நீதிமன்றத்துக்குப் போவோம்' என்ற பாடத்தை எப்படி எடுத்தார்கள் என்பது விளங்கவில்லை.

பிடி தளர்ந்த பிறகு

இன்னொரு வரலாறும் உண்டு. பல பத்தாண்டுகளாக அரசு ஒப்பந்தங்களில் நடுவர் என்றால் அந்தத் துறையின் தலைமைப் பொறியாளரோ, அவர் கைகாட்டும் இன்னோர் அதிகாரியோதான். தகராறில் ஒரு தரப்பே நடுவரையும் நியமிக்கும் அந்த ஏற்பாட்டில் அரசுக்கு எந்தக் குறையும் தெரியவில்லை. 2015 சட்டத் திருத்தம், ஒரு தரப்பின் ஊழியர் நடுவராவதைத் தடுத்தது. நடுவராக இருக்கத் தகுதியற்றவர் இன்னொருவரை நடுவராக நியமிக்கவும் முடியாது என்று 2017-லும், தகராறின் முடிவில் அக்கறை உள்ள எவரும் தனி நடுவரை நியமிக்க முடியாது என்று 2019-லும் உச்ச நீதிமன்றம் படிப்படியாகச் சொன்னது. 2024 நவம்பரில் ரயில்வே சம்பந்தப்பட்ட வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு, பொதுத் துறை நிறுவனங்கள் நடுவர்களை ஒருதலைப்பட்சமாக நியமிப்பது சமத்துவ உரிமைக்கே எதிரானது என்று முடித்தது.

நடுவர் நாற்காலியில் சொந்த அதிகாரி இருந்தவரை நடுவர் மன்றம் நல்ல ஏற்பாடாக இருந்தது. அந்த நாற்காலி படிப்படியாகப் பொதுவானபோதுதான் அரசுக்கு நீதிமன்றத்தின் மீது நம்பிக்கை வளர்ந்திருக்கிறது. இரண்டுக்கும் தொடர்பு உண்டா என்பதை வாசகரே ஊகித்துக்கொள்ளலாம்.

நீதிமன்றத்தில் என்ன நடக்கும்?

அரசின் மீது வழக்குப் போட முதலில் இரண்டு மாத முன்னறிவிப்பு தர வேண்டும். வணிக வழக்கு என்றால், அவசர நிவாரணம் கேட்காதவரை, வழக்குக்கு முன் சமரச முயற்சியும் கட்டாயம். அடுத்தது நீதிமன்றக் கட்டணம். 2017-க்குப் பின் தமிழ்நாட்டில் பண வழக்குக்கு 3 சதவீதம். அதற்கு முன்பு இருந்த 7.5 சதவீதத்தை நினைத்தால் இது ஆறுதல்தான். ஆனாலும் 50 கோடி ரூபாய் கோரிக்கைக்கு ஒன்றரைக் கோடி ரூபாயை வாசலிலேயே கட்ட வேண்டும். நடுவர் மன்றச் சட்டத்தின் நான்காவது அட்டவணைப்படி போனால், அதே கோரிக்கைக்கு ஒரு நடுவருக்கு உச்சவரம்பு 30 லட்சம். மூவருக்கு 90 லட்சம். அதையும் இரு தரப்பும் பகிர்ந்துகொள்ளலாம். நடுவர் மன்றம் செலவு மிக்கது என்ற புகாருக்கு விடை, இந்த அட்டவணையை ஒப்பந்தத்திலேயே எழுதிவைப்பதுதான்.

பெரிய கட்டுமானத் தகராறில் ஆவணங்கள் ஆயிரக்கணக்கான பக்கங்கள். எந்த வேலை தடைபட்டதால் மொத்தத் திட்டமும் தாமதமானது என்று பார் சார்ட்டை வைத்துக்கொண்டு மாதக்கணக்கில் ஆராய வேண்டும். ஒரு பொறியாளர் நடுவராக இருந்தால் சைட் டைரியைப் புரட்டியதும் பிடித்துக்கொள்வார். ஜாமீன், பாகப்பிரிவினை, காசோலை மோசடி என்று நாளொன்றுக்குப் பல வழக்குகளைப் பட்டியலில் வைத்திருக்கும் நீதிபதிக்கு அத்தகைய நேரம் எங்கே கிடைக்கும்? நாட்டின் நீதிமன்றங்களில் தேங்கியுள்ள வழக்குகள் 5 கோடிக்கும் மேல். அந்த வரிசையில்தான் இவையும் போய் நிற்கும். முதல் தீர்ப்பு வந்த பிறகு மேல்முறையீடு, அதன் பிறகு உச்ச நீதிமன்றம். நடுவர் தீர்ப்பை எதிர்ப்பதற்குக் குறுகிய காரணங்களே உண்டு. நீதிமன்றத் தீர்ப்பின் மேல்முறையீட்டிலோ சாட்சியங்கள் முழுவதையும் மறுபடி கிளறலாம்.

அதிகம் பேசப்படாத இன்னொரு வித்தியாசமும் இருக்கிறது. நடுவர் தீர்ப்பை எதிர்த்து அரசு வழக்குப் போட்டாலும் தீர்ப்பு தானாக நிற்காது. நிறுத்திவைக்க வேண்டுமானால் நீதிமன்றம் பணத்தைக் கட்டச் சொல்லலாம். அரசு என்பதால் சலுகை இல்லை என்று 2019-இல் மேற்கு வங்க அரசு சம்பந்தப்பட்ட பாம் டெவலப்பர்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. சாதாரண உரிமையியல் வழக்கிலோ, மேல்முறையீட்டின்போது அரசிடம் பிணை கேட்கக் கூடாது என்று உரிமையியல் நடைமுறைச் சட்டமே பாதுகாப்புத் தருகிறது. வென்ற ஒப்பந்ததாரருக்கு மேல்முறையீட்டுக் காலம் முழுக்க ஒரு காசும் கைக்கு வராமல் போகலாம். நீதிமன்ற வழி அரசுக்கு வசதியாகத் தெரிவதில் இதற்கும் பங்கு இருக்கக்கூடும். அந்த வசதியின் விலையை அடுத்த டெண்டரில் எல்லா ஒப்பந்ததாரர்களும் ரேட்டில் ஏற்றிவிடுவார்கள். பில் வராமல் நின்றால் முதலில் அடிபடுவது பெரிய நிறுவனம் அன்று. ஜல்லி அடித்த லாரிக்காரர், சென்டரிங் போட்ட சப் கான்ட்ராக்டர், அவர்களிடம் வாரக்கூலி வாங்கும் தொழிலாளி.

வென்றவருக்குத் தள்ளுபடி

அரசுக்கு இதெல்லாம் தெரியாததன்று. நடுவர் மன்றங்களில் சுமார் 70,000 கோடி ரூபாய் முடங்கிக் கிடப்பதாகவும், ஒரு கோரிக்கை தீரச் சராசரியாக ஏழாண்டுக்கு மேல் ஆவதாகவும் 2016-இல் மத்திய அரசே ஒப்புக்கொண்டது. நடுவர் தீர்ப்பை எதிர்க்கும் துறைகள், வங்கி உத்தரவாதத்தை வாங்கிக்கொண்டு 75 சதவீதத் தொகையை ஒப்பந்ததாரருக்குக் கொடுத்துவிட வேண்டும் என்று அப்போது அமைச்சரவைக் குழு முடிவெடுத்தது. 2021-இல் அது பொது நிதி விதிகளிலும் சேர்க்கப்பட்டது. தோற்ற வழக்கையெல்லாம் வழக்கமாக மேல்முறையீடு செய்யக் கூடாது என்றும் அதே ஆண்டு அறிவுறுத்தினார்கள்.

அறிவுரைகள் காகிதத்தோடு நின்றன என்பதற்கு 2023-இல் வந்த 'விவாத் சே விஸ்வாஸ்' இரண்டாம் திட்டமே சாட்சி. நீதிமன்றத்தில் வென்றவர்களுக்கு நிகரத் தொகையில் 85 சதவீதம் வரை, நடுவர் மன்றத்தில் வென்றவர்களுக்கு 65 சதவீதம் வரை கொடுத்து முடித்துக்கொள்கிறோம் என்றது அரசு. சட்டப்படி வென்ற ஒருவர், இத்தனை ஆண்டு காத்திருந்த களைப்பில் நூற்றில் முப்பத்தைந்தை விட்டுக்கொடுத்து வாங்கிப் போகிறார் என்றால், அவர் தோற்றது எந்த மன்றத்திடம்?

அரசுக்கும் இதில் லாபமில்லை. 100 கோடி ரூபாய் நடுவர் தீர்ப்பு ஒன்றை ஏழாண்டு இழுத்தடித்துக் கடைசியில் தோற்றால், 10 சதவீதத் தனி வட்டியில்கூட மேலும் 70 கோடி சேர்ந்துவிடும். அந்த 70 கோடிக்கு ஓர் அங்குலச் சாலைகூட வராது.

என்ன செய்யலாம்?

முதலாவதாக, தகராறுத் தீர்வுக் குழுவை ஒப்பந்தம் தொடங்கும் நாளிலேயே அமைக்க வேண்டும். இரு பொறியாளர்கள், ஒரு சட்டம் தெரிந்தவர். சில மாதங்களுக்கு ஒருமுறை சைட்டுக்கு வந்து பார்ப்பவர்கள். அவர்கள் சொல்லும் முடிவு இடைக்காலத்துக்குக் கட்டுப்படுத்த வேண்டும். பிரிட்டன் 1996-இல் கொண்டுவந்த சட்டம் இதைத்தான் செய்தது: கட்டுமானத் தகராறில் 28 நாட்களுக்குள் ஒரு நிபுணரின் முடிவு, முதலில் பணத்தைக் கொடு, பிறகு வேண்டுமானால் வழக்காடு. சிங்கப்பூரும் மலேசியாவும் இதே பாதையில் சட்டம் செய்திருக்கின்றன. நம் மெட்ரோ, நெடுஞ்சாலை ஒப்பந்தங்கள் பலவற்றில் இப்படியொரு குழுவுக்கு இடமிருக்கிறது. அதன் முடிவை மதித்துப் பணம் கொடுக்கும் பழக்கம்தான் இல்லை.

இரண்டாவதாக, 10 கோடி வரம்பைக் கைவிட வேண்டும். தொகை பெரிதாகப் பெரிதாகப் பொறியியல் சிக்கலும் கூடுகிறது. நிபுணர் அதிகம் தேவைப்படும் இடத்தில் நிபுணரை விலக்குவது தலைகீழ் நியாயம். பெரிய தகராறுகளுக்கு, நானி பால்கிவாலா நடுவர் மையம் போன்ற நிறுவனங்களின் விதிகளின்கீழ், இரு தரப்பும் ஏற்கும் பொதுப் பட்டியலிலிருந்து மூவர், அவர்களில் ஒருவராவது கட்டுமானப் பொறியாளர், அட்டவணைக் கட்டணம், தீர்ப்பை, வணிக ரகசியம் போக, பொதுவெளியில் வைப்பது. இவை இருந்தால் கூட்டுச்சதிச் சந்தேகத்துக்கு இடம் குறையும். மத்தியப் பிரதேசம் 1983-லும் குஜராத் 1992-லும் அரசுப் பணி ஒப்பந்தங்களுக்கென்றே நிரந்தரத் தீர்ப்பாயங்களைச் சட்டத்தின் மூலம் அமைத்தன. தமிழ்நாடு தனக்கேற்ற ஏற்பாட்டை வகுக்கும்போது அவற்றின் நிறைகுறைகளைப் படித்துப் பார்க்கலாம்.

மூன்றாவது, மேல்முறையீடு செய்வதா என்பதைத் தோற்ற கோட்டத்தின் பொறியாளரிடம் விடக் கூடாது. ஓய்வுபெற்ற நீதிபதி, நிதித் துறை அதிகாரி, வெளித்துறைப் பொறியாளர் அடங்கிய குழு அறுபது நாளில் முடிவெடுக்கட்டும். மேல்முறையீடு என்று முடிவானால் அதற்கான காரணத்தோடு, ஒவ்வொரு நாள் தாமதத்துக்கும் ஏறும் வட்டி எவ்வளவு என்பதையும் கோப்பின் முதல் பக்கத்தில் எழுத வேண்டும். குழுவின் பரிந்துரைப்படி பணம் கொடுத்த அதிகாரி மீது, லஞ்சத்துக்கு ஆதாரம் இருந்தாலொழிய, நடவடிக்கை கூடாது. அதுபோலவே, குழுவின் கருத்தை மீறிக் கொடுக்க மறுத்து வட்டிச் சுமையை ஏற்றியவரிடம் விளக்கம் கேட்க வேண்டும். இன்றைக்கு ஒருபக்கம் மட்டும் சாய்ந்திருக்கும் பயத்தை இப்படித்தான் சமன்செய்ய முடியும். குறிப்பாணை சமரசத்துக்கு உயர்நிலைக் குழு அமைக்கச் சொல்வது அதிலிருக்கும் நல்ல யோசனை. 2023 சமரசச் சட்டம் அதற்குத் துணை. ஆனால் கையெழுத்திடுபவருக்குப் பாதுகாப்பு இல்லாமல் சமரச மேசையில் 'மேலிடத்தைக் கேட்டுச் சொல்கிறேன்' என்ற பதில் மட்டுமே கிடைக்கும்.

நான்காவது, நீதிமன்றம்தான் என்று அரசு உறுதியாக இருந்தால், அதற்கான நீதிமன்றத்தையாவது கட்டித் தரட்டும். உட்கட்டமைப்புத் திட்ட வழக்குகளுக்குத் தனி நீதிமன்றங்களைக் குறிப்பிடவும், நிபுணர்களின் உதவியைப் பெறவும், அழைப்பாணை சேர்ந்த நாளிலிருந்து 12 மாதங்களில் வழக்கை முடிக்கவும் 2018-இல் திருத்தப்பட்ட குறித்தவகை நிவாரணச் சட்டம் வழி செய்திருக்கிறது. அந்த ஏற்பாட்டுக்கு உயிர் கொடுத்து, நீதிமன்றக் கட்டணத்துக்கு உச்சவரம்பும் வைத்துவிட்டு, பிறகு ஒப்பந்ததாரரை அங்கே அனுப்புவதுதான் நியாயம்.

கடைசியாக, கணக்கு வெளியே வர வேண்டும். பொதுப்பணித் துறை, நெடுஞ்சாலைத் துறை, மெட்ரோ, மின் நிறுவனங்கள் ஒவ்வொன்றும் ஆண்டுதோறும் எத்தனை ஒப்பந்தத் தகராறுகளில் தோற்றன, அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, வழக்குச் செலவு எவ்வளவு என்று சட்டமன்றத்தில் வைக்கட்டும். நிதிநிலை அறிக்கை விவாதத்தின்போது உறுப்பினர்கள் கேட்க வேண்டிய கேள்வி இது. இலவசங்களால் கருவூலம் கரைகிறது என்று ஆண்டுதோறும் கணக்குப் போடுகிறவர்கள், உரிய நேரத்தில் கொடுக்காததால் கரையும் பணத்தையும் ஒருமுறை கணக்குப் போட்டுப் பார்க்கட்டும். நடுவர் மன்றமோ நீதிமன்றமோ, தோற்றால் கொடுத்துவிடும் அரசிடம்தான் நல்ல ஒப்பந்ததாரர் குறைந்த விலைக்கு வேலை எடுப்பார்.